பேர் எழுதி வச்ச மரங்கள்: வாசகர் கேள்வி பதில்

போன இதழ்ல சென்னை மலர்க் கண்காட்சி பத்தி ஒரு பக்கம் வந்துச்சு இல்லையா, அதுக்கு வந்த லெட்டரும் வாட்ஸ்அப்பும் ஒரு கட்டு சேர்ந்துடுச்சு. பூவ பத்தி கேட்டவங்க கம்மி. தாவரவியல் பூங்கான்னா என்ன, அது எதுக்கு, நம்ம ஊர்ல ஏன் பெருசா ஒண்ணு இல்ல, இப்படித்தான் நிறைய பேர் கேட்டிருக்காங்க. அதனால இந்த வாரம் முழுக்க அதுதான், சமையல் கேள்வி அனுப்பினவங்க அடுத்த வாரம் வரைக்கும் கொஞ்சம் பொறுத்துக்கோங்க.

கேள்வி: மேடம், குடும்பத்தோட செம்மொழிப் பூங்கா போனோம், ரொம்ப நல்லா இருந்துச்சு. தாவரவியல் பூங்கான்னு சொல்றது இதைத்தானா? ஊட்டியில இருக்கறதுக்கும் எங்க ஏரியா கார்ப்பரேஷன் பார்க்குக்கும் என்னதான் வித்தியாசம்? (பெரம்பூர் வாசகர்)

பதில்: வித்தியாசம் பூவுலயோ பரப்பளவுலயோ இல்லைங்க, நோட்டுப் புத்தகத்துல இருக்கு. ஒரு செடி உள்ள வரும்போதே அதுக்கு ஒரு நம்பர் போட்டு, எந்த ஊர்ல எந்தக் காட்டுல எடுத்தது, யார் எடுத்தாங்க, என்னிக்கு நட்டாங்க, விதையா வந்துச்சா பதியனா வந்துச்சா, செத்துப்போனா என்னிக்கு செத்துச்சுன்னு எல்லாத்தையும் எழுதி வைக்கற இடம்தான் தாவரவியல் பூங்கா. அந்தக் கணக்கு இல்லேன்னா எவ்வளவு அழகா இருந்தாலும் அது பார்க்குதான். பார்க்கை குறைச்சு சொல்லல, சாயங்காலம் காத்து வாங்க, குழந்தைங்க ஓடியாட, வயசானவங்க நடக்க பார்க் வேணும், தெருவுக்குத் தெரு வேணும். ஆனா அதோட வேலை வேற, இதோட வேலை வேற.

இந்தக் கணக்கோட கூடவே ஹெர்பேரியம்னு ஒண்ணு இருக்கும். செடிய பூவோட காயோட அழுத்திக் காயவச்சு அட்டையில ஒட்டி அலமாரியில அடுக்கி வைக்கறது. 200 வருஷம் முன்னாடி ஒட்டினதக்கூட இன்னிக்கு எடுத்துப் பாத்து, இந்தச் செடி அப்போ இந்த இடத்துல இருந்திருக்கு, இப்போ இல்லன்னு சொல்ல முடியும். மெட்ராஸ் பேர்லயே அப்படி ஒண்ணு இருக்கு, மெட்ராஸ் ஹெர்பேரியம், ஆனா அது இருக்கறது கோயம்புத்தூர்ல, வேளாண் பல்கலைக்கழக வளாகத்துல இருக்கற இந்தியத் தாவரவியல் ஆய்வகத்தோட தென்மண்டல மையத்துல.

செம்மொழிப் பூங்கா 2010ல திறந்தது, சுமார் 20 ஏக்கர். அதுக்கு முன்னாடி அதே இடத்துலதான் உட்லண்ட்ஸ் டிரைவ்-இன் இருந்துச்சு, கார்ல உக்காந்தபடியே தோசை சாப்பிட்ட ஞாபகம் உங்க வீட்டுப் பெரியவங்களுக்கு இருக்கும். அந்த ஹோட்டலுக்கும் முந்தின கதை ஒண்ணு அந்த மண்ணுக்கு இருக்கு, சைதாப்பேட்டை வாசகர் கேட்ட கேள்வியில அதுக்கு வரேன். ஊட்டித் தோட்டம் 1848ல வில்லியம் மெக்ஐவர்ங்கற, லண்டன் க்யூ தாவரவியல் தோட்டத்துல பழகின தோட்டக்காரர் வந்து அமைச்சது, 55 ஏக்கர், அங்க 2 கோடி வருஷத்துக்கு முந்தின கல்லாப்போன மரம் ஒண்ணு கிடக்கு. மே மாசக் கூட்டத்துல அத யாருமே நின்னு பாக்கறதில்ல, அடுத்த தடவ போனா பாருங்க.

கேள்வி: அக்கா, நான் பிஎஸ்சி பாட்டனி ரெண்டாம் வருஷம். உலகத்துல முதல்ல இந்த மாதிரி தோட்டத்த யார் ஆரம்பிச்சா, எதுக்கு ஆரம்பிச்சா? பாடத்துல ஒரே ஒரு வரிதான் இருக்கு. (தாம்பரம் மாணவி)

பதில்: டாக்டருங்கதான் ஆரம்பிச்சாங்கம்மா. அந்தக் காலத்து ஐரோப்பாவுல மருந்துன்னாலே செடிதான், வேரு பட்டை இலைன்னு சந்தையில விக்கறவன் எதைக் கொடுத்தாலும் வைத்தியர் நம்பி வாங்கணும், ஒரே மாதிரி இருக்கற ரெண்டு செடியில ஒண்ணு மருந்து இன்னொண்ணு விஷம். வைத்தியம் படிக்கற பசங்க செடிய உயிரோட பாத்து அடையாளம் கத்துக்கணும்னுதான் இத்தாலியில பீசா நகரத்துல லூக்கா கீனி 1544 வாக்குல ஒரு தோட்டம் போட்டார், அடுத்த வருஷமே, 1545ல, பதுவா பல்கலைக்கழகத்துலயும் ஒண்ணு வந்துச்சு. பீசா தோட்டம் அப்புறம் இடம் மாறிடுச்சு, பதுவா தோட்டம் இன்னிக்கும் அதே இடத்துல அதே வட்ட வடிவத்துல இருக்கு, 1997ல யுனெஸ்கோ பட்டியல்ல சேத்தாங்க. அந்த வட்டச் சுவர் எதுக்கு வந்துச்சு தெரியுமா, ராத்திரியில மருந்துச் செடிய திருடிட்டு போயிட்டே இருந்தாங்க, அதனால சுத்தி மதில் எழுப்பினாங்க. அங்க 1585ல நட்ட ஒரு பனை வகை இன்னும் உயிரோட நிக்குது.

அப்புறம் வரிசையா லெய்டன் 1590, ஆக்ஸ்ஃபோர்டு 1621, பாரிஸ்ல ராஜாவோட மூலிகைத் தோட்டம் 1626. லண்டன்ல செல்சியில மருந்து தயாரிக்கறவங்க சங்கம் 1673ல ஒண்ணு ஆரம்பிச்சாங்க, 1722ல அந்த இடத்தோட சொந்தக்காரர் ஹான்ஸ் ஸ்லோன் வருஷத்துக்கு வெறும் 5 பவுண்டு வாடகைக்கு எப்பவுமே வச்சுக்கோங்கன்னு எழுதிக் கொடுத்துட்டார். ஆனா ஒரு கண்டிஷன் போட்டார், வருஷா வருஷம் தோட்டத்துல வளந்த 50 புதுச் செடிய காயவச்சு லண்டன் விஞ்ஞானிங்க சங்கமான ராயல் சொசைட்டிக்கு அனுப்பணும், 2,000 ஆகற வரைக்கும். எனக்கு அந்த மனுஷனோட யோசனை ரொம்பப் பிடிக்கும், நிலத்த சும்மா கொடுக்காம வேலையோட சேத்துக் கொடுத்திருக்கார். அதனாலதான் அந்த இடம் லண்டன் நடுவுல இத்தன விலை ஏறின பிறகும் தோட்டமாவே இருக்கு. ஆனா பொதுஜனம் உள்ள போக 1983 வரைக்கும் காத்திருக்க வேண்டியிருந்துச்சு, அதயும் சொல்லணும்.

கேள்வி: எங்க தாத்தா மலேயாவுல ரப்பர் எஸ்டேட்ல பால் மரம் வெட்டினவர். அந்த ரப்பர் மரம் அங்க வந்ததுக்கே லண்டன் தோட்டம்தான் காரணம்னு பையன் சொல்றான், நிஜமா? (மேற்கு மாம்பலம் வாசகர்)

பதில்: நிஜம்தாங்க. உங்க தாத்தா கதையும் அந்தத் தோட்டத்துக் கதையும் ஒண்ணோட ஒண்ணு பின்னிக் கிடக்கு, இதுக்கு நீளமாத்தான் பதில் சொல்லணும்.

ரப்பர் மரம் பிரேசில் அமேசான் காட்டு மரம். 1876ல ஹென்றி விக்காம்ங்கறவர் அங்கிருந்து சுமார் 70,000 விதைய லண்டன் க்யூ தோட்டத்துக்கு கொண்டுபோய்ச் சேத்தார், அந்த விதை சீக்கிரம் கெட்டுப்போற விதை, 2,000 சொச்சம்தான் முளைச்சுது. முளைச்சதுல பெரும்பங்கு சிலோனுக்குப் போச்சு, அங்க கம்பஹா பக்கம் ஹெனரத்கொட தோட்டத்துல நட்டாங்க. அடுத்த வருஷம், 1877ல, 22 நாத்து சிங்கப்பூர் தாவரவியல் பூங்காவுக்கு வந்து சேந்துச்சு. 1888ல அங்க டைரக்டரா வந்த ஹென்றி ரிட்லி, மரத்த சாகடிக்காம பட்டையில சாய்வா கீறி திரும்பத் திரும்ப பால் எடுக்கற முறைய பழகிக் காட்டினார், தோட்ட முதலாளிங்க பின்னாடியே போய் இத நடுங்க நடுங்கன்னு விதைய கையில திணிப்பாராம், பைத்தியக்கார ரிட்லின்னே பேர் வச்சிருந்தாங்க. கார் டயர் வந்த உடனே அத்தன பேரும் ரப்பருக்குத் தாவினாங்க, மலேயா முழுக்க காடு அழிஞ்சு ரப்பர் ஆச்சு. அதுல வேலை செய்ய ஆள் வேணுமே, தஞ்சாவூர் திருச்சி சேலம் வட ஆற்காடுன்னு நம்ம ஜில்லாக்கள்ல இருந்து நாகப்பட்டினத்துலயும் மெட்ராஸ்லயும் கப்பல் ஏத்தினாங்க. உங்க தாத்தா விடியக்காலையில கத்தியும் வாளியுமா போய் கீறின அந்தச் சாய்வுக் கோடு சிங்கப்பூர் தோட்டத்துல பழகிப் பாத்த கோடு. அந்தத் தோட்டம் 2015ல யுனெஸ்கோ பட்டியல்ல சேந்துச்சு, போற நம்ம ஆளுங்க ஆர்க்கிட் பாத்துட்டு ஃபோட்டோ எடுத்துட்டு வந்துடறாங்க, ரப்பர் கதை எழுதின பலகையையும் நின்னு படிங்கன்னு கேட்டுக்கறேன்.

ரப்பரோட இது நிக்கல. மலேரியாவுக்கு மருந்தா இருந்த சிங்கோனா மரம் தென்னமெரிக்க ஆண்டீஸ் மலைக்குச் சொந்தம், அங்கத்து அரசாங்கங்க வெளியில கொடுக்க விரும்பல, கிளமெண்ட்ஸ் மார்க்கம்ங்கறவர் 1860ல எடுத்துட்டு வந்தார், அது வந்து இறங்கினது நம்ம நீலகிரி. ஊட்டித் தோட்டத்து மெக்ஐவரே அத வளக்கற பொறுப்ப எடுத்துக்கிட்டார், தொட்டபெட்டாவுலயும் நடுவட்டத்துலயும் தோட்டம் போட்டாங்க. அதவிட நல்ல ரக விதைய பொலிவியாவுல பொறுக்கிக் கொடுத்த மானுவல் இன்கிரா மமானிங்கற உள்ளூர்க்காரர அந்த ஊர் அதிகாரிங்க பிடிச்சு அடிச்சு, அவர் அதுலயே இறந்துபோனார். அந்த விதை கடைசியில டச்சுக்காரங்க கையில ஜாவாவுக்குப் போய், சிங்கோனா பட்டையில இருந்து எடுக்கற கொய்னா மருந்தோட உலக வியாபாரமே அவங்களுக்கு ஆச்சு.

காப்பி இருக்கே, அதுவும் இப்படித்தான். டச்சுக்காரங்க மலபார்ல இருந்து ஜாவாவுக்கு காப்பிச் செடி கொண்டுபோனாங்க, ஜாவாவுல இருந்து 1706ல ஆம்ஸ்டர்டாம் தோட்டத்துக்கு ஒண்ணு போச்சு, அதோட வாரிசு ஒண்ணு 1714ல பிரெஞ்சு ராஜாவுக்கு பரிசா போச்சு, அந்த வம்சம்தான் கடல் தாண்டி கரீபியன் தீவு, தென்னமெரிக்கான்னு பரவுச்சு.

ஆக அந்த நாள் தாவரவியல் பூங்கான்னா சாம்ராஜ்யத்தோட நாத்தங்கால்னு வச்சுக்கோங்க. எந்த நாட்டுச் செடிய எந்த நாட்டுல நட்டா லாபம்னு பாத்துச் சொல்ற இடம். கல்கத்தா பக்கம் ஷிப்பூர்ல 1787ல ராபர்ட் கிட் ஆரம்பிச்சதும் அதுக்குத்தான், தேக்கும் வாசனைப் பொருளும் வளத்துப் பாக்க. மொரீஷியஸ் பாம்ப்ளமூஸ் தோட்டமும் அப்படித்தான், ஜாதிக்காயும் கிராம்பும் டச்சுக்காரங்க பிடியில இருந்து நழுவி வந்து வேர் விட்ட இடம். அறிவு வளந்துச்சு, மருந்து கிடைச்சுது, ஆனா அதோட விலைய கொடுத்தது உங்க தாத்தா மாதிரி ஆளுங்களும் அழிஞ்சுபோன காடுகளும். ரெண்டையும் சேத்துத்தான் சொல்லணும், ஒண்ண மட்டும் சொன்னா அது வரலாறு ஆகாது.

கேள்வி: எங்க சைதாப்பேட்டையில வெள்ளைக்காரன் காலத்துல கள்ளித் தோட்டம் இருந்துச்சுன்னு கேள்விப்பட்டேன், உண்மையா? சென்னைக்கும் இந்த தாவரவியல் வரலாறுக்கும் ஏதாவது சம்பந்தம் இருக்கா? (சைதாப்பேட்டை வாசகர்)

பதில்: இருந்துச்சுங்க. கோட்டையில தலைமை மருத்துவரா இருந்த ஜேம்ஸ் ஆண்டர்சன்தான் அத போட்டவர், 1780கள் கடைசியில. அப்போ பட்டுக்கும் கம்பளிக்கும் ரத்தச் சிவப்புச் சாயம் வேணும்னா கொச்சினீல் பூச்சிதான் வேணும், அது சப்பாத்திக்கள்ளி மேல வாழற பூச்சி, மெக்சிகோவுல இருந்து ஸ்பெயின்காரங்க மட்டுமே வித்துட்டு இருந்தாங்க, காசு கொட்டுச்சு. அத இங்க வளத்துட்டா கிழக்கிந்தியக் கம்பெனிக்கு பெரிய லாபம்னு ஆண்டர்சன் லண்டன்ல இருந்த தாவரவியல் அறிஞர் ஜோசப் பேங்க்ஸுக்கு லெட்டர் மேல லெட்டர் போட்டார், கள்ளிய பயிர் பண்ணார், பட்டுப்பூச்சிக்கு மல்பெரியும் வச்சுப் பாத்தார். ஆனா அந்த உசத்தி ரகப் பூச்சி கடைசி வரைக்கும் கிடைக்கவே இல்ல, கிடைச்ச மட்ட ரகத்துல நல்ல சாயம் வரல, தோட்டத்த கைவிட்டுட்டாங்க. 1809ல ஆண்டர்சன் இறந்தார், அவருக்கு வச்ச சிலை இன்னிக்கும் கதீட்ரல் ரோடு செயின்ட் ஜார்ஜ் கதீட்ரல் உள்ள இருக்கு.

சம்பந்தம் அதோட முடியல. தரங்கம்பாடிக்கு 1768ல மிஷன் டாக்டரா வந்த யோஹான் கொயெனிக், செடிகளுக்கு ரெண்டு வார்த்தை அறிவியல் பேர் வைக்கற முறைய கொண்டுவந்த லின்னேயஸ்கிட்ட நேரா படிச்சவர், அப்புறம் ஆற்காடு நவாப்கிட்டயும் மெட்ராஸ் கம்பெனிகிட்டயும் வேலை பாத்தார். நம்ம கறிவேப்பிலையோட அறிவியல் பேர்ல இருக்கற கொயெனிகி அவர்தான்.

அவருக்கு அப்புறம் ராபர்ட் வைட். இவரும் டாக்டர், 1819ல மெட்ராஸ் வந்தார், தென்னிந்தியச் செடிகளப் பத்தி 1838ல இருந்து 1853 வரைக்கும் மெட்ராஸ்லயே அச்சடிச்சு ஆறு வால்யூம் படப் புத்தகம் போட்டார், 2,100 படத்துக்கு மேல. அந்தப் படங்கள வரைஞ்சது ரங்கையா, கோவிந்துன்னு ரெண்டு நம்ம ஊர் ஓவியர்கள். ஒரு மகரந்தப் பை எப்படி இருக்குன்னு உருப்பெருக்கியில பாத்து மயிரிழை மாதிரி கோடு இழுத்திருப்பாங்க, இன்னிக்கு பாத்தாலும் கண்ணு அகலாது. வைட் ஒரு ஆர்க்கிட் இனத்துக்கு கோவிந்து பேரையே வச்சார், அந்தக் காலத்துல உள்ளூர் ஓவியருக்கு அப்படி ஒரு மரியாதை கிடைச்சது ரொம்ப அபூர்வம். ஆனா அந்த ரெண்டு பேருக்கும் சென்னையில ஒரு தெரு வேணாம், ஒரு பூங்கா வாசல்ல ஒரு கல்வெட்டாவது வைக்கலாமே, அது என் ரொம்ப நாள் ஆசை.

இந்த வைட்தான் 1835ல மெட்ராஸ் வேளாண் தோட்டக்கலைச் சங்கத்த ஆரம்பிச்சவர். கதீட்ரல் பக்கத்துல அந்தச் சங்கம் தோட்டம் போட்டுச்சு, வெளிநாட்டுச் செடி, பழ ரகம், காய்கறி விதை எல்லாம் வளத்து விநியோகம் பண்ணாங்க. அந்தச் சங்கத்து நிலத்துலதான் பின்னாடி உட்லண்ட்ஸ் டிரைவ்-இன் வந்துச்சு, அதுக்கப்புறம் செம்மொழிப் பூங்கா. 2024ல எதிர்ல கலைஞர் நூற்றாண்டு பூங்கா திறந்தாங்களே, ஜிப்லைன் எல்லாம் இருக்கே, அதுவும் அந்தத் தோட்ட மண்ணுதான். குழந்தைங்க சந்தோஷமா தொங்கிட்டு போறாங்க, போகட்டும், ஆனா வாசல்லயே ஒரு பெரிய பலகையில 1835ல இருந்து இந்த மண்ணுல என்னென்ன வளந்துச்சுன்னு எழுதி வச்சா அவங்களும் படிப்பாங்க இல்லையா.

கேள்வி: பெங்களூர்ல லால்பாக் இருக்கு, கல்கத்தாவுல இருக்கு, ஊட்டியில இருக்கு. தலைநகரம் சென்னைக்கு மட்டும் ஏன் இல்ல? (அண்ணா நகர் வாசகி)

பதில்: இடம் இல்லாம இல்லைங்க, இருந்த இடத்த விட்டுட்டோம். லால்பாக் 1760ல ஹைதர் அலி ஆரம்பிச்சது, 1856ல அரசு தாவரவியல் தோட்டமா ஆச்சு, அதுக்கு யோசனை சொன்ன ஹியூ கிளெக்ஹார்ன் யாருன்னு பாத்தா மெட்ராஸ் மருத்துவக் கல்லூரியில பாட்டனி பாடம் எடுத்த புரொஃபசர். இன்னிக்கு 240 ஏக்கர்.

நம்ம ஊர்ல 1859ல கவர்னர் டிரெவெலியன் சென்ட்ரல் ஸ்டேஷன் பக்கத்துல மக்கள் பூங்கா ஒண்ணு ஆரம்பிச்சார், 116 ஏக்கர், குளம், பாதை, மிருகக்காட்சி சாலை எல்லாம் இருந்துச்சு. அந்த நிலத்துலதான் விக்டோரியா பப்ளிக் ஹால் வந்துச்சு, 1900ல மூர் மார்க்கெட் வந்துச்சு, 1913ல ரிப்பன் பில்டிங், அப்புறம் ஸ்டேடியம். மிருகக்காட்சி சாலைய 1985ல வண்டலூருக்கு மாத்தினாங்க. ஒவ்வொண்ணையும் தனியா கேட்டா வேண்டியதுதான்னு சொல்லுவோம், மார்க்கெட் வேணாமா, மாநகராட்சிக்கு கட்டடம் வேணாமா? ஆனா பூங்கா நிலம்னா காலி நிலம்னு எல்லாரும் நினைச்சதுதான் மொத்த 116 ஏக்கரையும் தின்னுடுச்சு. மிச்சம் மை லேடீஸ் பூங்கா மாதிரி சின்னச் சின்னத் துண்டுதான்.

இப்போ செங்கல்பட்டு மாவட்டம் கடம்பூர்ல க்யூ தோட்டத்தோட ஒத்துழைப்புல பெரிய தாவரவியல் பூங்கா அமைக்கறதா தமிழக அரசு அறிவிச்சிருக்கு. நான் முழு மனசோட வரவேற்கறேன். என் வேண்டுகோள் ஒண்ணே ஒண்ணு, டூலிப்பும் ரோஜாவும் முதல்ல வேணாம், இந்தக் கடலோரத்துக்கே சொந்தமான உலர் பசுமைமாறாக் காடு இருக்கு பாருங்க, வீரை, உலக்கைப்பாலை, காசா, குருந்து, களா, இதெல்லாம் முதல்ல நடுங்க. கிண்டியிலயும் வண்டலூர்லயும் தாம்பரம் கிறிஸ்துவக் கல்லூரி வளாகத்துலயும் இந்த மாதிரி புதர்க்காடு துண்டு துண்டாத்தான் மிஞ்சியிருக்கு, வெயில்ல வாடாது, புயல்ல சாயறதும் கம்மி. 2016 வர்தாவுல ரோட்டோர தூங்குமூஞ்சி, குல்மோகர் எல்லாம் வேரோட விழுந்து கிடந்ததே, அது ரெண்டுமே வெளிநாட்டு மரம்.

கேள்வி: கோயில் நந்தவனமும் ஸ்தல விருட்சமும் நம்ம ஊர் தாவரவியல் பூங்காதானே? வெள்ளைக்காரன் வந்துதான் சொல்லிக் கொடுக்கணுமா? (மயிலாப்பூர் வாசகர்)

பதில்: செடிய காப்பாத்தறது நமக்குப் புதுசு இல்லைங்கறது சரிதான். கபாலீஸ்வரர் கோயில் புன்னை, திருவான்மியூர் வன்னி, திருவொற்றியூர் மகிழம், சாமி பேரால வெட்டாம விட்ட மரங்கள் இவை. மாணிக்கவாசகர் கதையில வர்ற குருந்த மரத்த இன்னிக்கு எத்தன பேர் பாத்திருப்போம், கோயில்ல இல்லேன்னா அடையாளமே மறந்திருக்கும். ஆனா நந்தவனம் பூஜைக்குப் பூ கொடுக்க வச்சது, எந்தச் செடி எங்க இருந்து வந்துச்சுங்கற கணக்கு அதோட வேலை இல்ல. சிவன் கோயில்ல பக்தியா பாக்கற நாகலிங்க மரமே தென்னமெரிக்கக் காட்டு மரம். அதுனால பக்தி குறைய வேண்டாம், பலகையில அதையும் எழுதலாம்னு சொல்றேன்.

கேள்வி: மழை பெஞ்சா எங்க தெருவுல முழங்கால் தண்ணி. வடிகால் போட காசு இல்ல, பூ வளக்க கோடிக்கணக்கா செலவா? கோபமா எழுதறதுக்கு மன்னிக்கணும். (கொளத்தூர் வாசகர்)

பதில்: மன்னிப்பு எதுக்குங்க, நியாயமான கோபம். வடிகால் வேணும், அதுக்கு மாத்தா யாரும் தோட்டத்த கேக்கக் கூடாது. ஆனா பூ வளக்கன்னு மட்டும் நினைச்சீங்கன்னா ரெண்டு கதை சொல்றேன், கேளுங்க.

தென்னாப்பிரிக்காவுல 1895ல ஜான் மெட்லி வுட்ங்கறவர் ஒரு காட்டுச் சரிவுல ஈந்து மாதிரி ஒரு மரத்த கண்டுபிடிச்சார், கொத்தா ஒரே ஒரு மரம், ஆண் மரம். பெண் மரம் இன்னி வரைக்கும் கிடைக்கல, ட்ரோன் விட்டுக்கூட தேடிட்டு இருக்காங்க. காட்டுல அது இப்போ இல்லவே இல்ல. உலகத்துல இருக்கற அந்த இனம் மொத்தமும் அந்த ஒரு மரத்தோட பக்கக் கன்னுங்கதான், தாவரவியல் பூங்காக்கள்ல மட்டும்தான் உயிரோட இருக்கு.

இன்னொண்ணு மொரீஷியஸ் பக்கம் ரோட்ரிக்ஸ் தீவு. அங்க காட்டுக் காப்பின்னு ஒரு செடி அழிஞ்சுடுச்சுன்னு முடிவே பண்ணிட்டாங்க, 1980 வாக்குல ஒரு ஸ்கூல் பையன் ரோட்டோரம் ஒண்ண பாத்து வாத்தியார்கிட்ட கொண்டுவந்து கொடுத்தான். 1986ல கொஞ்சம் குச்சி க்யூவுக்கு வந்துச்சு, வேர் விட்டுச்சு, பூத்துச்சு, ஆனா காய்க்கவே இல்ல, 2003 வரைக்கும் விதை பிடிக்கல. அங்க வேலை பாத்த கார்லோஸ் மக்தலேனா பூவ என்னென்னவோ பண்ணிப் பாத்து கடைசியில விதை எடுத்தார், அந்தக் கன்னுங்க திரும்ப அந்தத் தீவுக்கே போச்சு.

நம்ம பக்கமும் உண்டு. திருவனந்தபுரம் பக்கம் பாலோட்ல இருக்கற வெப்பமண்டல தாவரவியல் தோட்டத்து விஞ்ஞானிங்க காணி மக்கள்கிட்ட இருந்து ஆரோக்கியப்பச்சைங்கற செடிய தெரிஞ்சுக்கிட்டாங்க, களைப்பு தீர அவங்க அதோட காய மெல்லுவாங்க. அதுல ஜீவனின்னு மருந்து பண்ணி, 1995ல கோயம்புத்தூர் கம்பெனிக்கு லைசென்ஸ் கொடுத்தப்போ வந்த பணத்துல பாதி காணி மக்களுக்குன்னு ஒப்பந்தம் போட்டாங்க. நடைமுறையில அப்புறம் நிறைய சிக்கல் வந்துச்சு, ஆனா செடிய பத்தித் தெரிஞ்சவங்களுக்கு அதுல பங்கு உண்டுன்னு உலகத்துக்கே முன்னாடி செஞ்சு காட்டினது அது. மமானிய அடிச்சுக் கொன்ன காலத்துல இருந்து இந்த இடத்துக்கு வந்திருக்கோம்.

தப்பும் நடந்திருக்கு, மறைக்க வேண்டாம். உண்ணிச்செடி, அந்த ரோட்டோரம் மஞ்சளும் சிவப்புமா பூக்கறது, 1800கள் தொடக்கத்துல அழகுக்காக கல்கத்தா தோட்டத்துக்கு கொண்டுவந்ததுதான், இன்னிக்கு முதுமலையில யானைக்குப் புல்லு இல்லாம பண்ணிட்டு இருக்கு. அதனாலதான் சொல்றேன், கணக்கு எழுதற, கண்காணிக்கற ஆளுங்களோட தோட்டம் வேணும், பூந்தொட்டி அடுக்கறதுக்கு மட்டும் கோடி ரூபா வேணாம், அந்த விஷயத்துல நான் உங்க கட்சிதான். உங்க தண்ணிக்கும் இது கொஞ்சம் உதவும், அடையாறு கழிமுகத்துல குப்பையும் இடிபாடும் கொட்டிக் கிடந்த இடத்த தோண்டி சுத்தம் பண்ணி, அலையாத்தியும் உள்ளூர்ச் செடியும் நட்டு தொல்காப்பியப் பூங்கா ஆக்கினாங்களே, இப்போ அங்க மழைத் தண்ணி தங்குது, பறவை வருது.

கேள்வி: எங்க காலனி மரங்களுக்கு நாங்களே பேர்ப்பலகை மாட்டலாம்னு இருக்கோம். எப்படி செய்யறது? (வேளச்சேரி, குடியிருப்போர் சங்கம்)

பதில்: ரொம்ப நல்ல வேலை. ஆணி மட்டும் அடிக்காதீங்க, அந்த ஓட்டையிலதான் பூஞ்சையும் பூச்சியும் உள்ள போகும். தரையில குச்சி நட்டு மாட்டுங்க, இல்ல ஸ்ப்ரிங் வச்ச கம்பியில கட்டுங்க, மரம் பருக்க பருக்க அது விரியும். தமிழ்ப் பேர், அறிவியல் பேர், எந்த நாட்டு மரம், எந்த வருஷம் நட்டது, இந்த நாலும் போதும். நட்ட வருஷம் தெரியலேன்னா காலனியில வயசானவங்கள கேளுங்க, கல்யாணம் ஆன வருஷம் வச்சதுன்னு யாராவது சொல்லுவாங்க. அறிவியல் பேர்ல சந்தேகம் வந்தா பக்கத்துல இருக்கற காலேஜ் பாட்டனி டிபார்ட்மென்ட்டுக்கு பூவோட ஒரு கிளை எடுத்துட்டு போங்க, வெறும் இலைய வச்சு சொல்றது கஷ்டம். எல்லாத்தையும் ஒரு நோட்டுல நம்பர் போட்டு எழுதி செக்ரட்டரிகிட்ட கொடுத்து வைங்க, விழுந்த மரத்தையும் அதுல எழுதுங்க.

கேள்வி: அரைப் பரீட்சை லீவுல பசங்கள எங்க கூட்டிட்டு போகலாம்? ஒரே நாள்ல திரும்பணும். (திருவல்லிக்கேணி வாசகி)

பதில்: ஊருக்குள்ளன்னா அடையார் தியசாபிகல் சொசைட்டி ஆலமரம், 450 வயசுன்னு சொல்லுவாங்க, நடு மரம் 1989 புயல்ல சாஞ்சுடுச்சு, விழுது மட்டும்தான் இப்போ காடு மாதிரி நிக்குது. உள்ள விடற நேரத்த முன்னாடியே போன் பண்ணி கேட்டுட்டு போங்க. கொஞ்சம் தூரம் போகலாம்னா புதுச்சேரி, 1826ல பிரெஞ்சுக்காரங்க ஆரம்பிச்ச தாவரவியல் பூங்கா பஸ் ஸ்டாண்டு பக்கத்துலயே இருக்கு. ஆரோவில் தாவரவியல் தோட்டத்துல நான் மேல சொன்ன வீரை, காசா எல்லாம் வரிசையா வளத்து வச்சிருக்காங்க, பசங்களுக்கு விளக்கிச் சொல்லவும் ஆள் இருக்காங்க, ஈசிஆர் வழியா காலையில 6 மணிக்கு கிளம்பினா ரெண்டையும் பாத்துட்டு ராத்திரி சாப்பாட்டுக்கு வீட்டுக்கு வந்துடலாம். தொப்பியும் தண்ணி பாட்டிலும் மறக்காதீங்க, ஆளுக்கு ஒரு நோட்டும் பென்சிலும் கொடுத்து விடுங்க.